வாசகர் கேள்வி பதில்: ஜப்பானியப் பெருவழிகளின் மண்மேட்டு மைல்கற்கள்

ஜப்பானின் பழைய பெருவழிகளைப் பற்றி வந்த கடிதங்களுள், தூரம் காட்டும் அடையாளங்களைக் குறித்த கேள்விகளை மட்டும் பிரித்தெடுத்து இந்த இதழில் பதில் அளிக்கிறோம்.

டோக்கியோவில் பணிபுரியும் என் மகன் ஒரு புகைப்படம் அனுப்பியிருக்கிறான். வண்டிகள் ஓடும் சாலைக்கு நடுவே ஒரு மண்திட்டும் அதன் மேல் மரங்களும் தெரிகின்றன. இடத்தின் பெயர் நிஷிகஹாரா என்கிறான். கோயிலும் இல்லை, கல்லறையும் இல்லையாம். அது என்ன?
— ஒரு வாசகி, காரைக்குடி

அது ஒரு மைல்கல். கல்லால் ஆகாத மைல்கல் என்பதுதான் அதன் சிறப்பு. ஜப்பானியர் அதை 'இச்சிரிசுகா' என்பர். 'ரி' என்பது அவர்களுடைய பழைய நீட்டலளவை. ஒரு ரி தூரத்துக்கு ஒன்றாக எழுப்பப்பட்ட மண்மேடுகளுக்கே அப்பெயர். 1600-ஆம் ஆண்டு செகிகஹாரா போரில் வென்று, 1603-இல் நாட்டை ஆளும் படைத்தலைவராக, அதாவது ஷோகுனாக, பதவியேற்ற தொகுகாவா இயெயாசு, அடுத்த ஆண்டே தம் மகன் ஹிதெதாதா வழியாக ஓர் ஆணை பிறப்பித்தார். எடோ நகரின் (இன்றைய டோக்கியோவின்) நிஹோன்பாஷி பாலத்தைத் தொடக்கப் புள்ளியாகக் கொண்டு, அங்கிருந்து புறப்படும் பெருவழிகள் நெடுகிலும் ரிக்கு ஒரு மேடாக எழுப்ப வேண்டும் என்பது அந்த ஆணை. பாலமே அதற்கு முந்தைய ஆண்டில்தான் கட்டி முடிக்கப்பட்டிருந்தது. நாட்டை வென்றவர் அடுத்ததாக அதை அளந்து குறியிட முற்பட்டார் என்பதில் வியப்பில்லை. எந்த ஊரிலிருந்து எத்தனை நாளில் படை வரும், செய்தி வரும் என்று தெரியாத ஆட்சி நெடுநாள் நிலைப்பதில்லை.

மேடுகள் சாலையின் இரு மருங்கிலும் ஒன்றையொன்று பார்த்தபடி இணையிணையாக எழுப்பப்பட்டன. பொதுவாக ஒவ்வொன்றும் 5 கென், அதாவது ஏறத்தாழ 9 மீட்டர் அகலம். உயரம் 3 மீட்டர் அளவில் இருக்கும். தங்கள் மகன் அனுப்பிய படத்தில் உள்ளது, நிக்கோவிலுள்ள இயெயாசுவின் நினைவாலயத்துக்கு ஷோகுன்கள் யாத்திரை சென்ற பாதையில் நிஹோன்பாஷியிலிருந்து இரண்டாவது ரியைக் குறிக்கும் இணையில் ஒன்று. மற்றொன்று சாலையோரத்தில் இன்றும் இருக்கிறது. படத்தின் சட்டத்துக்குள் அது விழவில்லை போலும். பழைய சாலை அந்த இரு மேடுகளுக்கும் இடையே சென்றது. பிற்காலத்தில் சாலையை அகலப்படுத்தியபோது ஒரு மேட்டின் மறுபுறத்தில் இன்னொரு தடம் போட்டார்கள். அதனால்தான் ஓரத்தில் இருந்த மேடு நடுவுக்கு வந்துவிட்டது. அது அழியாமல் தப்பிய கதையைக் கீழே வேறொரு கேள்விக்கான பதிலில் காண்க.

தூரத்தைக் காட்ட ஒரு கல்லை நட்டு எண்ணைப் பொறித்தால் போதாதா? இவ்வளவு மண்ணை ஏன் சுமக்க வேண்டும்? அதன் மேல் மரம் எதற்கு?
— ஒரு வாசகர், திண்டுக்கல்

கேள்வி நியாயமானது, மண் சுமந்தவர்களும் அப்படித்தான் கேட்டிருப்பார்கள். ஆனால் அந்தச் சாலையில் யார், எப்படிப் போனார்கள் என்பதை நினைத்துப் பார்க்க வேண்டும். எடோ காலத்து ஜப்பானில், கியோத்தோவை ஒட்டிய பகுதிகளில் ஓடிய மாட்டு வண்டிகளைத் தவிர, பெருவழிகளில் சக்கர வண்டிப் போக்குவரத்து மிகக் குறைவு. பெரும்பாலோர் நடந்தார்கள், வசதி உள்ளவர்கள் குதிரையிலோ 'ககோ' என்ற பல்லக்கிலோ சென்றார்கள். மூடுபனியிலும் மழையிலும் தலைகுனிந்து நடப்பவனுக்கு முழங்கால் உயரக் கல் கண்ணில் படாமல் போகலாம். ஓராள் உயரத்தைவிடப் பெரிய மேடும், அதன் மேல் கிளை விரித்த மரமும், அவையும் சாலைக்கு இருபுறமும் வாயில் போல நிற்பதும் தொலைவிலிருந்தே தெரியும். எழுத்தறியாதவரும் எண்ணிக்கொள்ளலாம்; எத்தனை மேடு கடந்தோம் என்பது நினைவில் இருந்தால் போதும்.

மரத்துக்கு வேறு வேலையும் உண்டு. குவித்த மண் மழையில் கரையும். வேர் ஆழமாகவும் அகலமாகவும் பரவும் மரம் அந்த மண்ணைக் கட்டிப் பிடித்துக்கொள்ளும். எனோகி என்ற இலையுதிர் மரத்தையே பெரும்பாலான மேடுகளில் நட்டார்கள். சில இடங்களில் பைனும் வேறு மரங்களும் நடப்பட்டன. எனோகி கோடையில் நம் சாலையோரப் புளியமரம் போல அடர்ந்த நிழல் தரும். குளிர்காலத்தில் இலை உதிர்த்து வெயிலை உள்ளே விடும். வழிநடைக்காரர் சுமை இறக்கி இளைப்பாற இதைவிட வேறென்ன வேண்டும்? 'வேறு ஏதாவது மரம் ('யோ நோ கி') வையுங்கள்' என்று மேலிடத்தில் சொன்னதைக் கீழே இருந்தவர்கள் 'எனோகி வையுங்கள்' என்று காதில் வாங்கிக்கொண்டதால்தான் இம்மரம் வந்தது என்று ஒரு வேடிக்கைக் கதை நெடுங்காலமாக உலவுகிறது. சொல்வதற்குச் சுவையான கதைதான். எனினும் வேரும் நிழலும் இருக்கும்போது காரணத்தைத் தேடிக் காதுக்குப் போக வேண்டியதில்லை என்பது என் கருத்து. ஜப்பானின் தேசிய வண்ணத்துப்பூச்சியான 'ஓமுராசாகி'யின் புழுக்கள் எனோகி இலைகளைத் தின்றே வளர்கின்றன என்பதையும், தொடர்பு சற்றுத் தொலைவானதே ஆயினும், இங்கே சொல்லி வைக்கிறேன்.

மேட்டின் உள்ளமைப்பை அறிய ஹகோனே மலைப்பாதையில் உள்ள ஹதாஜுகுவைப் பார்க்க வேண்டும். அது எடோவிலிருந்து 23-ஆவது ரி. சிதைந்து கிடந்த அந்த இணையை அகழாய்வு செய்து, கண்ட அமைப்பின்படியே 1998-இல் மீட்டெடுத்தார்கள். 9 மீட்டர் விட்டத்தில் வட்டமாகக் கற்களை அடுக்கி, உட்புறத்தைச் சிறு கற்களால் நிரப்பி, மேற்பரப்பில் மண் போர்த்தியிருக்கிறார்கள். மலைச்சரிவில் வெறும் மண் நிற்காது என்பது கட்டியவர்களுக்குத் தெரிந்திருக்கிறது. உச்சியில் எனோகியும் இல்லை: ஊரிலிருந்து பார்க்கையில் வலப்பக்க மேட்டில் மோமி என்ற ஊசியிலை மரம், இடப்பக்க மேட்டில் கெயாகி. ஆணை ஒன்றே எனினும், அந்தந்த நிலத்துக்கு ஏற்ப அதை நிறைவேற்றியிருக்கிறார்கள்.

ஒரு ரி என்பது எத்தனை கிலோமீட்டர்?
— ஒரு பள்ளி மாணவர், நாகர்கோவில்

3.927 கிலோமீட்டர். கணக்கு இதுதான்: 6 ஷாக்கு ஒரு கென், 60 கென் ஒரு சோ, 36 சோ ஒரு ரி. ஆக, ஒரு ரிக்கு 12,960 ஷாக்கு. 1891-ஆம் ஆண்டின் அளவைச் சட்டம் ஒரு ஷாக்குவை மீட்டரில் 33-இல் 10 பங்கு என்று வரையறுத்தது. பெருக்கிப் பார்த்தால் 3,927 மீட்டரும் சில்லறையும் வரும். ஆனால் 36 சோ என்ற கணக்கு எல்லாக் காலத்துக்கும் எல்லா வட்டாரத்துக்கும் பொருந்தாது. 6 சோவை ஒரு ரி என்று கொண்ட பழைய வழக்கும் இருந்தது. சில வட்டாரங்களில் 48, 50 சோ என்றும் எண்ணினார்கள். எடோ ஆட்சியின் மேடுகள் செய்த காரியங்களுள் ஒன்று, பெருவழிகளில் 36 சோ கணக்கை மண்ணிலேயே பதித்துவிட்டதுதான்.

இந்த அளவை நன்றாக மனத்தில் பதிய வைப்பது ஹகோனே கணவாய். ஒதவாராவிலிருந்து ஹகோனே 4 ரி 8 சோ. ஹகோனேயிலிருந்து மிஷிமா 3 ரி 28 சோ. கூட்டினால் மிகுதி இல்லாமல் 8 ரி. எடோவிலிருந்து கியோத்தோ செல்லும் தோக்காய்தோ வழியின் மிகக் கடினமான பகுதியை இன்றும் 'ஹகோனே எட்டு ரி' என்றே ஜப்பானியர் சொல்கிறார்கள்.

இந்த மேடுகளால் உண்மையில் யாருக்குப் பயன்? ஆட்சியாளர்களின் பெருமைக்காகச் செய்ததாகத்தான் தோன்றுகிறது.
— ஒரு வாசகர், புதுச்சேரி

பெருமையும் உண்டு; ஆனால் அதற்குள் கணக்கு வழக்கு நிறைய இருக்கிறது. முதலாவது கூலி. எடோவிலிருந்து கியோத்தோ வரை கடலோரமாகச் செல்லும் தோக்காய்தோவில் 53 தங்கல் ஊர்கள் இருந்தன. ஒவ்வோர் ஊரும் அரசுப் பயணத்துக்காக 100 சுமையாட்களையும் 100 குதிரைகளையும் ஆயத்தமாக வைத்திருக்க வேண்டும்; மலைவழியான நகசென்தோவில் அந்த எண்ணிக்கை ஐம்பது ஐம்பது. ஓர் ஊரின் ஆளும் குதிரையும் அடுத்த ஊர் வரைதான் போவார்கள். அங்கே சுமை மாற்றப்படும். அந்த இடைவெளிக்கான கூலி அறிவிப்புப் பலகைகளில் எழுதி வைக்கப்பட்டிருந்தது. வழிப்போக்கனுக்கும் சுமைகாரனுக்கும் கூலித் தகராறு எழுந்தால், எவ்வளவு தூரம் வந்திருக்கிறோம் என்பதற்கு இருவரும் ஒப்புக்கொள்ளக்கூடிய சாட்சி அந்த மேடுதான். இரண்டு ரி வந்ததை மூன்று ரி என்று சொல்ல எவராலும் முடியாது.

இரண்டாவது பயன் அதிகம் பேசப்படுவதில்லை. எனக்கு அதுவே முக்கியமாகத் தோன்றுகிறது. 1644-இல் ஷோகுன் ஆட்சி, மாநிலம் தோறும் நிலப்படம் வரைந்து அனுப்புமாறு பிரபுக்களுக்கு ஆணையிட்டது. ஒரு ரியை 6 சுன் (சுன் என்பது ஷாக்குவில் பத்தில் ஒரு பங்கு) நீளத்தில் வரைய வேண்டும் என்று அளவும் வகுத்தது. இன்றைய கணக்கில் அது 21,600-க்கு 1. அந்தப் படங்களில் சாலை ஒரு கோடாகச் செல்ல, அதன் இருபுறமும் சீரான இடைவெளியில் இரண்டிரண்டு புள்ளிகள் காணப்படும். அவைதான் இந்த மேடுகள். படத்துக்கு ஓரத்தில் தனியாக அளவுகோல் தேவையில்லை. அளவுகோல் சாலையிலேயே நிற்கிறது. தலைநகரில் அமர்ந்திருக்கும் அதிகாரி ஒருவர் புள்ளிகளை எண்ணியே, தாம் பார்த்திராத மலைநாட்டின் வழித்தூரத்தைச் சொல்லிவிடலாம். 1635-க்குப் பிறகு பிரபுக்கள் முறை வைத்து எடோவில் வந்து தங்க வேண்டும் என்ற விதி கண்டிப்பாக நடைமுறைக்கு வந்தது. ஆயிரக்கணக்கான பரிவாரத்தோடு அவர்கள் நகர்ந்த காலத்தில் இந்த எண்ணிக்கையின் மதிப்பைச் சொல்லித் தெரிய வேண்டியதில்லை.

டச்சு வணிகக் குழுவின் மருத்துவராக நாகசாகியில் இருந்த ஜெர்மானியர் எங்கல்பர்ட் கெம்ஃபர், 1691-இலும் 1692-இலும் எடோவுக்குப் பயணம் செய்தவர். எதிரெதிரே மரங்களோடு நிற்கும் இந்த மேடுகளைக் கொண்டு தூரம் கணக்கிடப்படுவதை அவர் கவனித்து எழுதி வைத்திருக்கிறார். வேற்று நாட்டாருக்கும் முதல் பார்வையில் விளங்கிய ஏற்பாடு இது.

மேடு எழுப்பும் பணியை மேற்பார்த்தவர் ஓகுபோ நாகயாசு. சாதோ, இவாமி போன்ற இடங்களின் தங்க, வெள்ளிச் சுரங்கங்களையும் நிர்வகித்த பெரும் அதிகாரி. 1613-இல் அவர் இறந்தபின் கையாடல் குற்றம் சாட்டப்பட்டு, அவருடைய மகன்கள் மரண தண்டனைக்கு உள்ளானார்கள். அளவெடுத்தவரின் கணக்கையே மேலிடம் நம்பவில்லை!

இவ்வளவு சீராகச் செய்தவற்றில் இன்று சிலவே எஞ்சியுள்ளன என்று படித்தேன். போர்க்காலக் குண்டுவீச்சில் அழிந்தனவா?
— ஒரு வாசகி, திருச்சி

இல்லை. பெரும்பாலானவை அதற்கு நெடுங்காலம் முன்பே போய்விட்டன, போக்கியதும் அரசுதான். ஷோகுன்களுக்குப் பின் வந்த மெய்ஜி ஆட்சி 1873-இல் நிஹோன்பாஷியையும், கியோத்தோவின் சஞ்ஜோ பாலத்தையும் சாலைத் தூரங்களின் தொடக்கப் புள்ளிகளாக அறிவித்துப் புதிதாக அளக்கத் தொடங்கியது. எண் எழுதிய கம்பங்கள் வந்தபின் மேடுகளுக்கு வேலை இல்லை என்று முடிவு செய்து, 1876-இல் அவற்றை அகற்றிவிடலாம் என்று உள்துறை அமைச்சகம் ஆணையிட்டது. மரத்துக்கு விலை உண்டு, மேடு நின்ற இடம் விளைநிலமாகும் என்னும்போது யார் தயங்குவார்கள்? 1889-இல் தோக்காய்தோ ரயில் பாதை கோபே வரை முழுமை பெற்றபின், நடந்து செல்வோரும் அருகிவிட்டார்கள். மியே மாவட்டத்தின் கமேயாமாவில் உள்ள நொமுரா மேட்டின் தென்பக்க இணை 1914-இல்தான் அகற்றப்பட்டது. வடபக்க மேடு மட்டும், எனோகிக்குப் பதிலாக முக்கு என்ற மரத்தோடு நிற்கிறது. ஏறத்தாழ 400 வயதான அந்த மரம், மேட்டோடு பிறந்து மேட்டோடு வாழ்ந்தவற்றுள் ஒன்று.

இனி நிஷிகஹாராவுக்கு வருவோம். 1912-இல் பிறந்த தைஷோ காலத்தின் தொடக்கத்தில், டிராம் பாதைக்காகவும் சாலையைச் சீர்படுத்துவதற்காகவும் அந்த மேட்டை வெட்டி அகற்றத் திட்டமிட்டார்கள். அருகிலிருந்த அசுகாயாமாவில் வசித்தவர் ஷிபுசாவா எய்இச்சி. ஜப்பானின் முதல் நவீன வங்கியை நிறுவியவர், நூற்றுக்கணக்கான நிறுவனங்கள் உருவாகத் துணை நின்றவர். 2024-இல் வெளியான புதிய 10,000 யென் தாளில் இருப்பவரும் அவரே. அவரும், டோக்கியோ மேயராக இருந்த அவருடைய மருமகன் சகதானி யோஷிரோவும், ஊர்த் தலைவரும், ஊர்மக்களும் சேர்ந்து மேட்டைச் சுற்றியிருந்த நிலத்தை விலைக்கு வாங்கினார்கள். சாலை மேட்டைச் சுற்றிக்கொண்டு போயிற்று. இதைப் பதிவு செய்யும் கல்வெட்டை 1916-இல் அங்கேயே நாட்டினார்கள். ரயிலுக்கும் தொழிற்சாலைக்கும் முதல் திரட்டித் தந்த ஒருவர் டிராமுக்காக ஒரு மண்மேட்டை இடிக்கக் கூடாது என்று நின்றது எனக்கு எப்போதும் நினைவுக்கு வரும் செய்தி. மறுபக்கத்தையும் சொல்ல வேண்டும்: கோடீசுவரரும் மேயரும் அக்கம்பக்கத்தில் இல்லாத ஊர்களின் மேடுகளுக்கு அந்த யோகம் வாய்க்கவில்லை.

தொல்லிடங்களைக் காக்கும் சட்டம் 1919-இல்தான் வந்தது. 1922-இல் நிஷிகஹாரா, இதாபாஷியிலுள்ள ஷிமுரா, மிஷிமாவிலுள்ள நிஷிகிதா ஆகிய மேடுகள் தேசிய வரலாற்றுச் சின்னங்களாக அறிவிக்கப்பட்டன. ஆணை போட்டு அழித்து, அரை நூற்றாண்டுக்குள் சட்டம் போட்டுக் காக்கும் நிலை வந்தது. ஷிமுராவில் 1933-இல் புதிய நகசென்தோ சாலை அமைத்தபோது, மண் சரியாமல் இருக்க இரு மேடுகளையும் சுற்றிக் கற்சுவர் எழுப்பினார்கள். இணை குலையாமல், டோக்கியோ நகருக்குள்ளேயே, சாலையின் இருபுறமும் அவை நிற்கின்றன. மீட்டா தடத்தின் ஷிமுரா-சகாவே நிலையத்தில் இறங்கினால் அருகிலேயே காணலாம். காரைக்குடி வாசகியின் மகன் அடுத்த விடுமுறையில் அங்கும் போய்வரலாம்.

அப்படியானால் ஜப்பானில் கல்லாலான தூரக் குறிகளே இல்லையா?
— ஒரு வாசகர், கோயம்புத்தூர்

உண்டு; மண்மேடுகளைவிட மிகப் பழையவையும் உண்டு. ஷிங்கோன் பௌத்தத்தின் தலைமையிடமான கோயாசான் மலைக்கு ஏறும் பாதையில், அடிவாரத்து ஜிசோன்-இன் கோயிலிலிருந்து மலைமேல் உள்ள தலைமை வளாகம் வரை, சோவுக்கு ஒன்றாக, அதாவது ஏறத்தாழ 109 மீட்டருக்கு ஒன்றாக, 180 கல்தூண்கள் நிற்கின்றன. தொடக்கத்தில் மரத்தாலான குறிகளே இருந்தன. அவை உளுத்துப் போகவே, ககுக்யோ என்ற துறவி 1265-இல் கல்லில் மாற்றத் தொடங்கினார். முடிய 20 ஆண்டுகள் ஆயின. அரச குடும்பத்தாரும் அன்றைய கமாகுரா ஆட்சியின் வீரர் தலைவர்களும் செலவை ஏற்றார்கள். எண் மேலிருந்து தொடங்குகிறது: அடிவாரத்தில் 180, ஏற ஏறக் குறைந்து உச்சியில் 1. எவ்வளவு வந்தோம் என்பதை விட்டுவிட்டு, இன்னும் எவ்வளவு இருக்கிறது என்பதைக் கல் சொல்கிறது. மலையேறுபவருக்கு வேண்டியதும் அதுதான். இடையே 36 சோவுக்கு ஒன்றாக ரிக் கற்களும் தனியே உண்டு.

ஒவ்வொரு தூணும் ஏறக்குறைய 3 மீட்டர் உயரம். சதுரம், உருண்டை, கூரை வடிவு, பிறை, இரத்தின வடிவு என ஐந்து அடுக்காகச் செதுக்கப்பட்டது. அவை முறையே நிலம், நீர், தீ, காற்று, வெளி. ஐம்பூதங்களையும் இந்தியாவிலிருந்து சென்ற பௌத்தம் ஜப்பானியக் கல்லில் கொண்டுபோய் நிறுத்தியிருக்கிறது. பிராமியின் வழிவந்த சித்தம் எழுத்தில் வடமொழி விதையெழுத்துகளும் அவற்றில் பொறிக்கப்பட்டிருக்கின்றன. 180 என்ற எண், ஷிங்கோன் பௌத்தத்தின் தெய்வ வரைபடங்களுள் ஒன்றான கர்ப்ப மண்டலத்தின் தெய்வங்களோடு தொடர்புடையது. எனவே ஒவ்வொரு கல்லும் வழிகாட்டும் குறியாகவும் வணங்கத்தக்க தெய்வமாகவும் இருக்கிறது. யாத்திரிகர்கள் கல் தோறும் கைகூப்பி நின்று ஏறினார்கள். 2004-இல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்த யாத்திரைப் பாதைகளுள் இதுவும் ஒன்று.

சாலைகள் பிரியும் இடங்களில் வைக்கும் திசைக்கற்கள் வேறு வகை. தோக்காய்தோவும் நகசென்தோவும் பிரியும் குசாத்சுவில், 1816-இல் நாட்டிய விளக்குத் தூண் இன்றும் உள்ளது. வலப்புறம் தோக்காய்தோ, இசே வழி. இடப்புறம் நகசென்தோ, மினோ வழி என்று அதில் பொறித்திருக்கிறது. தபால் ஓட்டக்காரர்களின் குழு அளித்த கொடை அது. இரவிலும் ஓடியவர்கள் என்பதால் தூணின் உச்சியில் விளக்கு வைத்தார்கள்.

இப்போது டோக்கியோவுக்கு இத்தனை கிலோமீட்டர் என்று சாலைப் பலகையில் எழுதுகிறார்களே, அது எந்த இடம் வரையிலான தூரம்?
— ஒரு லாரி உரிமையாளர், நாமக்கல்

இப்போதும் நிஹோன்பாஷி வரைதான். மற்ற நகரங்களுக்குப் பெரும்பாலும் நகராட்சி அலுவலகம் வரையிலான தூரத்தை எழுதுவார்கள். இன்றைய கல்பாலம் 1911-இல் கட்டப்பட்டது. 7 தேசிய நெடுஞ்சாலைகள் அங்கே தொடங்குகின்றன. தொடக்கப் புள்ளியைக் குறிக்கும் வெண்கலத் தகட்டை 1972-இல் பாலத்தின் நடுத்தடத்தில் பதித்தார்கள். அதிலுள்ள கையெழுத்து அப்போதைய பிரதமர் சாத்தோ எய்சாக்குவினுடையது. வண்டிகளுக்கு நடுவே போய்ப் பார்க்க இயலாது என்பதால், அதன் நகலைப் பாலத்தின் வடமேற்கு மூலையில் வைத்திருக்கிறார்கள். படம் எடுப்பவர்கள் அங்கேதான் எடுக்கிறார்கள். 1963-இல் வந்த விரைவுச்சாலை மேம்பாலம் பாலத்தின் தலைக்கு மேல் வானத்தை மறைத்துக்கொண்டு நிற்கிறது. அச்சாலையைச் சுரங்கத்துக்கு மாற்றி, 2040 வாக்கில் மேம்பாலத்தை அகற்றும் திட்டத்துக்கான பணிகள் நடந்துவருகின்றன.